நாலு மணிக்கு வந்த போன்

அவர் ஏன் என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை?

பத்து வயதில் எனக்குள் வந்த கேள்வி இது. இப்போது என் மகளுக்கே எட்டு வயது முடிந்துவிட்டது. இன்னும் பதில் தெரியவில்லை. தெரியாமலே காலத்தை ஓட்டியிருப்பேன். ஆனால் வருகிற வெள்ளிக்கிழமைக்குள் அவரைப் பற்றி ஒரு பக்கம் எழுதிக் கொடுக்க வேண்டியிருக்கிறது. அதற்கு முன் உங்களிடம் சொல்லிவிடலாம் என்று உட்கார்ந்திருக்கிறேன்.

நம் இணையக் குழுவில் இருக்கும் பலரும் என்னைப் போலத்தான். அப்பாவுக்குக் கம்பெனியில் வேலை கிடைத்ததால் ஓசூர்க்காரர்கள் ஆனவர்கள். முதல் ஷிஃப்ட், இரண்டாவது ஷிஃப்ட் என்று அப்பாவின் தூக்கத்தை வைத்தே வீட்டில் குரலை ஏற்றி இறக்கிப் பழகியவர்கள். அதனால் உங்களுக்கு அதிகம் விளக்க வேண்டியதில்லை. யாருடைய பெயரையும் எழுதவில்லை. அம்மா இதைப் படிக்க மாட்டார், கைப்பேசியில் இரண்டு வரிக்கு மேல் பார்த்தால் கண்ணில் நீர் வருகிறது என்பார். உங்களில் யாருக்காவது ஆள் யாரென்று புரிந்தால் தயவுசெய்து உங்களோடு வைத்துக்கொள்ளுங்கள்.

சிப்காட் பக்கம் ஒரு சந்தில் எங்கள் வீடு. விருதுநகர்ப் பக்கத்திலிருந்து எனக்கு மூன்று வயதாக இருக்கும்போது வந்தோம். கம்பெனியில் அப்பாவை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. அசெம்பிளி லைனில் சேலம், தேனி, திருவாரூர் என்று ஊர்கள்தான் வேலை செய்தன. அப்பா ‘விருதுநகர்’. கீழ்ப் போர்ஷனில் நாங்கள். மேல் போர்ஷனில் தனியாக அவர்.

நாங்கள் பிள்ளைகள் அவரை டீவி ஆன்ட்டி என்போம். அப்போது அவருக்கு அறுபதை ஒட்டிய வயது. முடிக்கு மை பூசியிருப்பார், நகத்துக்கும் பூசியிருப்பார். அவர் இறங்கிப் போன பிறகு படிக்கட்டில் பவுடர் வாசனை கொஞ்ச நேரம் நிற்கும். வீட்டுக்காரம்மாவோடு தெலுங்கு, கீரை கொண்டுவருபவரோடு கன்னடம், எங்களோடு பெங்களூர் கன்டோன்மென்ட் தமிழ். ஒரே மூச்சில் மூன்றும் வரும்.

மொட்டை மாடியில் துணி உலர்த்தும்போது வீட்டுக்காரம்மாவிடம் தன் கதையைச் சொல்வார். தொட்டிக்குப் பின்னால் விளையாடுவதுபோல் உட்கார்ந்து நாங்கள் கேட்டது அப்படித்தான். இருபது வயதில் பெங்களூரில் ஒரு பெரிய ஹோட்டலில் பாடியிருக்கிறார். கோட்டு போட்ட ஆறு பேர் பேண்டு வாசிக்க, குதிகால் உயர்ந்த செருப்பும் ஜரிகைப் புடவையுமாக நடுவில் இவர். துள்ளல் மெட்டுகள்தான் இவருடைய தனித்திறமை. இங்கிலீஷ் மெட்டுக்குத் தமிழ் வரிகள் போட்டு இவர் பாடியதை இரண்டு சின்ன இசைத்தட்டுகளாகப் போட்டிருந்தார்கள். அவற்றை எங்களுக்குக் காட்டியும் இருக்கிறார். சிவப்புக் காகித உறையில் கரும்பச்சை வட்டம் ஒட்டிய தட்டுகள். ஆனால் அவர் வீட்டு கிராமபோனில் ஊசி இல்லை. அதனால் அவர் பாடி நாங்கள் யாரும் கேட்டதில்லை.

“நான் பாடறப்போ ஜனங்க சாப்பிடறதை நிறுத்த மாட்டாங்க” என்று ஒருநாள் சொன்னார். “அந்த முள்ளுக் கரண்டி சத்தத்துலதான் பாடணும். எந்த டேபிள்ல கரண்டி நின்னுது, எதுல நிக்கலன்னு பாட்டு முடியறதுக்குள்ள எனக்குத் தெரிஞ்சிடும்.”

அவர் கணவர் அந்தப் பேண்டில் டிரம்ஸ் வாசித்தவர். ஹோட்டல்கள் பேண்டை நிறுத்திவிட்டு டேப் போட ஆரம்பித்ததும் ஓசூரில் ஒரு கம்பெனியின் டைம் ஆபீஸில் வருகைப் பதிவு பார்க்கும் வேலைக்குச் சேர்ந்தார். இவரும் உடன் வந்தார். பதினைந்து வருடம் யாருக்காகவும் பாடவில்லை. கணவர் இறந்த பிறகு ஒரு ஜவுளிக்கடைத் திறப்பு விழாவில் மைக் பிடிக்க வேண்டியவர் வராமல் போக, கூட்டத்தில் நின்றிருந்த இவர் மேலேறி மூன்று மொழியிலும் கடையை வாழ்த்திப் பேசிவிட்டார். அதைக் கேட்ட உள்ளூர்க் கேபிள்காரர் தன் சேனலுக்குக் கூட்டிக்கொண்டு போனார். அப்படித்தான் ‘நாலு மணிப் பாட்டு’ வந்தது. கடை விளம்பரம் தந்தது, சேனல் மேஜை தந்தது என்பார் அவர்.

உங்களில் சிலர் அதைப் பார்த்திருப்பீர்கள். பச்சைத் துணி போர்த்திய சுவர், பிளாஸ்டிக் ரோஜா, ஒரு சிவப்பு போன். பின்னால் ஓடும் டேபிள் ஃபேனில் அவர் முந்தானை ஆடிக்கொண்டே இருக்கும். நேரம் நான்கு மணி என்பதில்தான் விஷயம். முதல் ஷிஃப்ட் முடிந்தவர்கள் வீட்டுக்கு வந்திருப்பார்கள். இரண்டாவது ஷிஃப்ட்காரர்களின் வீட்டில் மனைவி மட்டும் இருப்பார். அன்றைய நிகழ்ச்சியை மறுநாள் காலை பத்து மணிக்கு மறுபடியும் போடுவார்கள். ஒரே வாரத்தில் எதிரெதிர் ஷிஃப்ட் விழுந்த கணவன் மனைவிகள் இதில்தான் பேசிக்கொண்டார்கள். மாலையில் ஒருவர் போன் செய்து சொல்வார், காலையில் மற்றவர் பார்ப்பார். குழந்தைக்கு ஊசி போட்டாயிற்று, அரிசி தீர்ந்துவிட்டது, கோபம் இல்லை. எல்லாம் அதில் வரும். கடைசியில் ஒரு பாட்டு.

ஒன்றைச் சொல்ல மறந்துவிட்டேன், அது முக்கியம். போனில் பேசுபவரின் குரலைச் சேனலில் கேட்கவைக்கும் வசதி அவர்களிடம் இல்லை. அவர் ரிசீவரைக் காதில் வைத்துக்கொண்டு பேசுவார். நமக்குக் கேட்பது அவர் பக்கம் மட்டும். “சொல்லுங்க சார்... மத்திகிரியா? ஓகோ... அதை உங்க வீட்டம்மாகிட்ட கேக்காம என்கிட்ட கேட்டா?” பிறகு சின்னதாக ஒரு சிரிப்பு. தெலுங்கில் பேசினால் “செப்பண்டி”, கன்னடத்தில் பேசினால் “ஹேளி அக்கா.” அந்தப் பக்கம் என்ன சொன்னார்கள் என்பது அவர் கேட்கிற விதத்திலேயே தெரிந்துவிடும். என் அம்மாவே ஒருமுறை ஒப்புக்கொண்டார்: “இந்தப் பொம்பளை சிரிக்கிறத வச்சே அவன் என்ன சொன்னான்னு தெரிஞ்சுபோகுதே.”

அம்மாவுக்கு அவரைப் பிடிக்காது. ஹோட்டலில் பாடியவர், நகப்பூச்சு, தனியாக இருப்பவர். இந்த மூன்றையும் சேர்த்து அம்மா ஒரு முடிவுக்கு வந்திருந்தார். என்னை மேலே போகக் கூடாது என்று சொல்லியிருந்தார். ஆனால் நிகழ்ச்சியை ஒருநாளும் தவறவிட்டதில்லை.

நான் ஐந்தாம் வகுப்பு முடித்த அந்தக் கோடை விடுமுறையில் அம்மா வேலைக்குச் சேர்ந்தார். மின்சாதன உதிரி பாகங்கள் செய்யும் கம்பெனி. முதல் ஷிஃப்ட். விடியும் முன் போய் மூன்றரைக்கு வந்துவிடுவார். அதே சமயம் அப்பாவின் லைனில் புது வண்டி வந்ததால் இரண்டு மாதத்துக்கு எல்லோருக்கும் இரண்டாவது ஷிஃப்ட் என்று போட்டுவிட்டார்கள். அப்பா மதியம் இரண்டரைக்குக் கம்பெனி பஸ் ஏறுவார், நடு இரவில் வருவார். ஞாயிற்றுக்கிழமைகளிலும் ஓவர்டைம். ஆக அவர்கள் இருவரும் ஒரே நேரத்தில் விழித்திருப்பது நின்றுபோனது.

அதுவும் சண்டையோடு நின்றது. அம்மா வேலைக்குப் போவது அப்பாவுக்குப் பிடிக்கவில்லை. கடைசியாகப் பேசிக்கொண்ட அன்று அப்பா சொன்ன வார்த்தை எனக்குத் தெரியும், இங்கே எழுத மாட்டேன். அப்பா கெட்டவர் இல்லை, களைத்திருந்தார். அதன் பிறகு நாட்காட்டித் தாளின் பின்பக்கம்தான் பேச்சு. ‘பால் உறை ஊற்றியாகிவிட்டது.’ ‘சிலிண்டர் சொல்லவும்.’ கொஞ்ச நாளில் அந்தச் சீட்டுகளும் நின்றன. மே மாதத் தொடக்கத்தில் அம்மா டெலிபோன் பூத்தில் நின்று ஊருக்குப் பேசும்போது, பள்ளி திறப்பதற்குள் என்னைக் கூட்டிக்கொண்டு அங்கேயே வந்துவிடுவதாகச் சொன்னார். அங்கே எந்தப் பள்ளியில் இடம் கிடைக்கும் என்று விசாரித்தார். நான் பக்கத்தில்தான் நின்றிருந்தேன். சின்னப் பிள்ளைக்குப் புரியாது என்று நினைத்துவிட்டார். நானும் என் மகள் முன்னால் இப்போது அப்படித்தான் பேசுகிறேன். பேசிய பிறகுதான் நினைவுக்கு வருகிறது.

ஒரு திங்கட்கிழமை. அம்மா வேலையிலிருந்து வந்து கம்பெனிக் கோட்டைக்கூடக் கழற்றாமல் டீவி முன் உட்கார்ந்ததும், விளையாடப் போகிறேன் என்று சொல்லிவிட்டு பூத்துக்கு ஓடினேன். சந்து முனையில் பாய் நடத்திய பூத். சேனல் போன் நம்பர் எல்லாப் பிள்ளைகளுக்கும் மனப்பாடம். எத்தனை முறை எங்கேஜ்டு வந்ததோ தெரியாது. எதிர்ப்பக்க டீக்கடையில் அதே நிகழ்ச்சி ஓடிக்கொண்டிருந்தது. கடைசியில் மணி போனது. ஒரு காதில் ரிசீவரில் அவர், இன்னொரு காதில் டீக்கடை டீவியில் அவர்.

“வணக்கம், நாலு மணிப் பாட்டு. யார் பேசறீங்க?”

“விருதுநகர்... அப்பா சொல்லச் சொன்னாங்க” என்றேன்.

பிறகு இரண்டு காதிலும் ஒரே சமயத்தில் கேட்டது:

“சொல்லுங்க சார்.”

போனை வைத்துவிடலாமா என்று இருந்தது. வைக்கவில்லை. அப்பாவுக்கு அம்மா மேல் கோபம் இல்லையாம், அம்மா ஊருக்குப் போகக் கூடாதாம் என்று சொன்னேன். நான் சொன்னது இந்த இரண்டு வாக்கியங்கள்தான். சத்தியமாக இவ்வளவுதான்.

மீதி எல்லாம் அவருடையது.

“நம்ம விருதுநகர்க்காரர் பேசறாரு” என்று ஊருக்கே சொன்னார். “கம்பெனியிலிருந்தா சார்? டீ டைமா? அடடா, டீயைக்கூடக் குடிக்காம வந்து போன் லைன்ல நிக்கறீங்களா... சரி, சரி. வீட்டம்மா முதல் ஷிஃப்ட், நீங்க ரெண்டாவது. முகம் பாத்துப் பேச முடியல. கோவத்துல ஏதோ சொல்லிட்டீங்க... ம்... ம்.” அப்புறம் அந்தச் சிரிப்பு. “இல்ல சார், அதை நான் சொல்ல மாட்டேன். அதை நீங்களே நேர்ல சொல்லணும்.”

டீக்கடையில் உட்கார்ந்திருந்தவர்கள் சிரித்தார்கள். அந்த விருதுநகர்க்காரர் என்னதான் சொல்லியிருப்பார் என்று அவர்களுக்கு ஆளுக்கொன்று தோன்றியிருக்க வேண்டும். நான் ரிசீவரைப் பிடித்துக்கொண்டு வாயைத் திறக்காமல் நின்றிருந்தேன்.

என்ன பாட்டு வேண்டும் என்று அவர் கேட்கவில்லை. “இந்தப் பாட்டுக்கு என்கிட்ட கேசட் இல்ல சார், நானே ரெண்டு வரி பாடறேன்” என்று சொல்லிவிட்டுப் பாடினார். ஃபேன் சத்தத்தோடு பாடினார். துள்ளல் மெட்டுதான், ஆனால் மெதுவாக, நடந்துகொண்டே பேசுவதுபோலப் பாடினார். அவருடைய இசைத்தட்டில் இருந்த பாட்டு அது என்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது. டீக்கடையில் டம்ளர் கழுவிக்கொண்டிருந்தவர் குழாயை மூடினார்.

வீட்டுக்கு ஓடி வந்தபோது அம்மா இன்னும் கோட்டோடுதான் இருந்தார். என்னைப் பார்த்ததும் முகத்தைத் துடைத்துக்கொண்டு, “உங்கப்பா டீயக்கூடக் குடிக்காம வந்து பேசிருக்காக” என்றார். அதையே இரண்டு முறை சொன்னார். அன்று படுக்கும் முன் நாட்காட்டித் தாளைக் கிழித்து, ‘டீ நேரத்தில் டீயைக் குடிக்கவும். போன் வேண்டாம்’ என்று எழுதிச் சாப்பாட்டு மூடியின் கீழ் வைத்தார்.

காலையில் எழுந்ததும் நான் முதலில் போய்ப் பார்த்தது அந்தச் சீட்டைத்தான். கீழே அப்பாவின் கையெழுத்தில் ஒரு சொல்: ‘சரி.’

அப்பாவுக்கு அப்போது ஒன்றும் புரிந்திருக்காது. என்ன போன், யாருக்குப் பேசினேன் என்று யோசித்திருப்பார். இருந்தாலும் ‘சரி’ என்று எழுதியிருக்கிறார். அது எவ்வளவு பெரிய பொய் என்று பத்து வயதில் தெரியவில்லை. கல்யாணமாகிப் பத்து வருடம் ஆன பிறகு தெரிகிறது.

இனி நான் செய்த தவறுக்கு வருகிறேன். அப்பா வீட்டில் இல்லாத நேரம் என்பதால்தான் அவர் பெயரில் போன் செய்யத் துணிந்தேன். வீட்டில் இல்லாதவர் கம்பெனியில் பத்துப் பேர் நடுவில் நிற்கிறார் என்பதை யோசிக்கவில்லை. அந்தத் திங்கட்கிழமை டீ நேரத்தில் அப்பா எப்போதும்போல் தன் லைன் ஆட்களோடு நின்று டீயும் பஜ்ஜியும் சாப்பிட்டிருக்கிறார். லைனில் அவருக்குப் பக்கத்தில் நின்ற சேலத்துக்காரர், கேபிள்காரருக்கு மச்சான். அவர் மனைவி டீவியில் பார்த்ததைச் சொல்ல, அவர் அதை வேடிக்கையாகக் கேபிள்காரரிடம் சொல்லியிருக்கிறார்.

புதன்கிழமை காலை கேபிள்காரர் வந்தார். அம்மா வேலைக்குப் போயிருந்தார். அப்பா குழாயடியில் பல் துலக்கிக்கொண்டிருந்தார். நான் படிக்கட்டில் மூன்றாவது படியில் உட்கார்ந்திருந்தேன். டீவி ஆன்ட்டி மேலிருந்து பாதி இறங்கி நின்றார்.

“அம்மா, ஒண்ணு கேக்கணும். அந்த விருதுநகர்க்காரர் போனு வந்துச்சா, வரலியா?”

“வந்துச்சு.”

“அந்த நேரத்துல அவரு எம் மச்சான்கூட நின்னு பஜ்ஜி தின்னுக்கினு இருந்தாராம். நாலு பேரு சிரிக்கறாங்கம்மா. ஜவுளிக்கடைக்காரரும் கேட்டுட்டாரு. வர்ற போன்ல பாதி ஆளே இல்லாம அந்தம்மாவே பேசிக்கறதான்னு.”

கேபிள்காரர் குழாயடிப் பக்கம் திரும்பினார். “சார், நீங்களே சொல்லுங்க. நீங்க பேசினீங்களா?”

அப்பா வாய் நிறைய நுரையோடு என்னைப் பார்த்தார். நான் தலையைக் குனிந்துகொண்டேன். முந்தின நாள் பத்து மணிக்கு அதை மறுபடியும் போட்டபோது அவர் தூங்கிக்கொண்டிருந்தார், அந்த இடத்தில்தான் அவருக்குப் புரிந்திருக்க வேண்டும். வாய் கொப்பளித்தார். ஒரு ஆள் வாய் கொப்பளிக்க அவ்வளவு நேரம் எடுத்து நான் பார்த்ததில்லை. பிறகு, “எங்க வீட்டு விஷயம். என்னைய எதுக்குக் கேக்குறீங்க” என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டார்.

கேபிள்காரருக்கு அது போதுமானதாக இருந்தது. ஆனாலும் கொஞ்சம் நல்ல மனிதர்தான், குரலை இறக்கி இன்னொரு தடவை கேட்டார். யார் பேசினார்கள் என்று சொல்லிவிட்டால் இதை இத்தோடு முடித்துக்கொள்ளலாம் என்றார்.

ஆன்ட்டி நின்ற படியிலிருந்து நான் உட்கார்ந்திருந்த படி நாலடி தூரம். என்னைப் பார்க்கக்கூட இல்லை.

“போன் வந்துச்சு. யாருன்னு சொல்ல மாட்டேன். இன்னிக்கு ஒருத்தரைச் சொல்லிட்டா, நாளைக்கு என்னை நம்பி யாருப்பா பேசுவாங்க?”

“பேசறதுக்கு ஆளே இல்லன்னுதான சொல்றாங்க.”

“சொல்றவங்க சொல்லட்டும். எனக்கு எந்த டேபிள்ல கரண்டி நின்னுதுன்னு தெரியும்.”

அப்படியானால் நாளை முதல் வர வேண்டாம், வேறு ஒரு பெண்ணைப் பார்த்திருக்கிறேன் என்று கேபிள்காரர் சொன்னார். அழுவார் என்று பயந்தேன். அவர் முந்தானையைச் சரிசெய்துகொண்டார். “நல்லதுப்பா. அந்தப் பொண்ணு உக்காந்ததும் ஃபேனை அவ பக்கம் திருப்பிடாதே. மைக்குல காத்து அடிக்கும். நான் சமாளிச்சேன், அவளுக்கு வராது.”

பிறகு மேலே ஏறிப் போய்விட்டார். மறுநாள் நான்கு மணிக்குப் புதுப் பெண் வந்தாள். இரண்டு வாரத்தில் போன் பேசுபவரின் குரலும் கேட்கும்படி ஒரு பெட்டி வாங்கி வைத்தார்கள். “ஹலோ, ஹலோ, உங்க டீவி சவுண்டைக் குறைங்க” என்பதிலேயே பாதி நேரம் போனது. குரல் கேட்கும் என்று தெரிந்ததும் யாரும் கோபத்தைப் பற்றியோ அரிசியைப் பற்றியோ பேசவில்லை. பெயர், ஊர், பாட்டு, நன்றி. மழைக்காலம் வருவதற்குள் நிகழ்ச்சியே நின்றுவிட்டது. ஆனால் கதை நிற்கவில்லை. ஆளில்லாத போனை எடுத்துப் பேசிய அம்மா என்று ஓசூர் முழுக்கப் பேசிச் சிரித்தார்கள். பிள்ளைகள் காதில் கையை வைத்து “சொல்லுங்க சார்” என்று விளையாடினார்கள். நானும் விளையாடினேன். விளையாடாமல் இருந்தால் கண்டுபிடித்துவிடுவார்கள் என்று நினைத்தேன்.

அம்மாவின் காதுக்கும் அது வந்தது. “பாவம், வயசாயிருச்சு. ஆளில்லாமயே பேசிக்கிட்டு இருந்துருக்கு” என்றார். அப்படியென்றால் அப்பா பேசியது என்று நான் கேட்டேன், ஏன் கேட்டேன் என்று தெரியவில்லை. அம்மா ஒரு கணம்கூட யோசிக்கவில்லை. “மத்தது எப்படியோ. நம்ம வீட்டுப் போன் நிசம்.” பஜ்ஜிக் கதையை யாரோ சொன்னபோதும், மற்றவர்கள் முன் ஒப்புக்கொள்ள அப்பாவுக்கு வெட்கம் என்றுதான் எடுத்துக்கொண்டார். நாங்கள் ஊருக்குப் போகவில்லை. ஓசூரிலேயே ஆறாம் வகுப்பில் சேர்ந்தேன்.

அப்பா என்னிடம் அந்தப் போனைப் பற்றிக் கடைசிவரை கேட்கவில்லை. ஆனால் அந்த வாரத்திலிருந்து மேல் போர்ஷனுக்கு சிலிண்டர் வந்தால் யாரும் சொல்லாமலே தூக்கிக்கொண்டு ஏறுவார். ஆன்ட்டி அந்த வீட்டைக் காலி செய்த நாள்வரை ஏற்றினார். அதை நல்ல குணம் என்று அம்மா பெருமைப்பட்டார்.

ஆன்ட்டி கர்நாடக எல்லை தாண்டி அத்திப்பள்ளிப் பக்கம் போனார். அங்கே இன்னொரு கேபிளில் கன்னடத்தில் பெண்களுக்கான நிகழ்ச்சி ஒன்றை ஏழு வருடம் நடத்தினார். ஜூஜுவாடியில் சில வீடுகளில் அது தெரியும். ஒரு தோழி வீட்டில் தற்செயலாகப் பார்த்திருக்கிறேன். முடி வெள்ளையாகிவிட்டிருந்தது, மை பூசவில்லை. சிரிப்பு அதேதான். பாடகியாக இருந்து பதினைந்து வருடம் சும்மா இருந்தவர், அறிவிப்பாளராக இருந்து துரத்தப்பட்டவர், அறுபத்து மூன்று வயதில் வேறொரு மொழியில் மூன்றாவது முறையாகத் தொடங்கியிருக்கிறார். அவரைப் பாவம் என்று சொல்வதுபோல் தவறு வேறில்லை.

இப்போதைய விஷயம் இதுதான். ஜூஜுவாடிப் பக்கம் எங்கள் குடியிருப்பில் பி பிளாக்குக்கு அவர் குடிவந்திருக்கிறார், தங்கை மகன் குடும்பத்தோடு. எண்பது தாண்டிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை ஆண்டு விழாவில் மூத்தவர்கள் மூன்று பேருக்கு மரியாதை செய்கிறார்கள், அவரும் ஒருவர். நான் நன்றாக எழுதுவேன் என்று அவரைப் பற்றிய அறிமுகத்தை என்னிடம் கொடுத்துவிட்டார்கள். குடியிருப்புச் சங்கக் கூட்டத்தில் அவர் பெயரைச் சொன்னதும் பழைய ஓசூர்க்காரர் ஒருவர் காதில் கையை வைத்து, “சொல்லுங்க சார்... அந்தம்மாதானே?” என்றார். எல்லோரும் சிரித்தார்கள். இத்தனை வருடம் கழித்தும் அது அழியவில்லை. நான் அங்கேயும் பேசாமல் இருந்துவிட்டேன்.

மறுநாள் அவர் வீட்டுக்குப் போனேன். கதவைத் திறந்ததும் “கீழ்வீட்டுப் பொண்ணு” என்றார். காப்பி வந்தது. எப்படித் தொடங்குவது என்று தெரியாமல் கேட்டுவிட்டேன்: “ஆன்ட்டி, அந்தத் திங்கட்கிழமை போன்ல பேசினது...”

“ஒரு சார்” என்றார்.

“இல்ல ஆன்ட்டி, அது நான்...”

“விருதுநகர்க்கார சார். கொஞ்சம் பயந்த மாதிரி பேசினாரு. ஆனா சொல்ல வந்ததைச் சொல்லிட்டாரு.” டம்ளரை என் பக்கம் நகர்த்தினார். “ஆறிடப்போவுது, குடி கண்ணா.”

அதற்கு மேல் அவர் விடவில்லை. நான் கிளம்பும்போது மட்டும், லிஃப்டில் சில பேர் தன்னைப் பார்த்துக் காதில் கையை வைத்துச் சிரிப்பது தனக்குத் தெரியும் என்றார். “ரெண்டு ரிக்கார்டு, மூணு பாஷை. அதை எழுது. அது போதும்” என்றார். அந்தக் கடைசி வார்த்தையைச் சொல்லும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை.

என் அப்பா போய் மூன்று வருடம் ஆகிறது. துக்கம் கேட்க வந்தவர்களிடம் அம்மா சொன்னது அவர் சம்பாத்தியத்தைப் பற்றியோ உழைப்பைப் பற்றியோ அல்ல. டீயைக்கூடக் குடிக்காமல் ஓடிவந்து போன் லைனில் நின்றாரே, அதைத்தான். என் மகளுக்கு அந்தக் கதை மனப்பாடம். அம்மா எங்களோடுதான் இருக்கிறார். ஞாயிற்றுக்கிழமை முன்வரிசையில் பேத்தியோடு உட்காரப்போகிறார். மேடையில் நான் உண்மையைப் படித்தால் அங்கே ஒருவருக்கு அவமானம் தீரும், இங்கே ஒருவருக்குத் துணையாக இருக்கும் ஒன்று போய்விடும். முன்கூட்டியே அம்மாவிடம் தனியாகச் சொல்லலாம் என்கிறார் என் கணவர். சொல்லிச் சொல்லிப் பார்க்கிறேன், முதல் வாக்கியத்தைத் தாண்ட முடியவில்லை. அம்மா அதைத் தாங்கிக்கொள்வார் என்று சில நேரம் தோன்றுகிறது. என் குற்ற உணர்வை இறக்கிவைக்க அவரைச் சுமக்கச் சொல்கிறேனோ என்றும் தோன்றுகிறது.

இரண்டு பக்கங்கள் எழுதி வைத்திருக்கிறேன். ஒன்றில் இரண்டு இசைத்தட்டுகளும் மூன்று மொழிகளும் இருக்கின்றன, போன் இல்லை. மற்றதில் போன் இருக்கிறது, பூத்தில் நின்றவளும் இருக்கிறாள். உங்களுக்கும் அம்மா இருக்கிறார், மகள் இருக்கிறாள். இரண்டில் எதைக் கொடுக்கட்டும்? வியாழக்கிழமைக்குள் சொல்லுங்கள். மனசு சொல்கிறபடி செய் என்று மட்டும் எழுதாதீர்கள். இரண்டு பக்கத்தையும் எழுதியது அதுதான்.